உதவி பெறும் கல்லூரியில் உபரி ஆசிரியர் என்றால் சட்டப்படி யார் பொறுப்பு? நிர்வாகமா, அரசா?

நெற்குப்பைக்காரி (இழையைத் தொடங்கியவர்)

எல்லாருக்கும் வணக்கம். காரைக்குடிப் பக்கம் ஒரு அரசு உதவி பெறும் கல்லூரியில் பொருளாதாரம் நடத்துகிறேன். ஒப்புதல் பெற்ற பணியிடம், மானியத்தில் சம்பளம். கல்லூரியின் பெயர் வேண்டாம். இந்தச் சிக்கல் எங்கள் ஒரு வளாகத்தோடு நிற்பதில்லை. தேவகோட்டை, திருப்பத்தூர், பள்ளத்தூர், மேலைச்சிவபுரி என்று சுற்றுவட்டாரம் முழுக்க உதவி பெறும் கல்லூரிகள் இருக்கின்றன. இன்று எனக்கு வந்த கேள்வி நாளைக்கு எந்த ஊரிலும் வரலாம்.

விஷயம் இதுதான். சென்ற கல்வியாண்டில் பி.ஏ. பொருளாதாரத்துக்கு முதலாண்டுச் சேர்க்கையை நிறுத்திவிட்டார்கள். விண்ணப்பம் குறைவு என்பது சொல்லப்பட்ட காரணம். அதே ஆண்டு, அதே வளாகத்தில், அரசு மானியம் இல்லாமல் மாணவர் கட்டணத்தில் நடக்கும் சுயநிதிப் பிரிவில் பி.காம். கணினிப் பயன்பாட்டுக்கு இன்னொரு வகுப்பு தொடங்கினார்கள்.

கணக்கைப் பாருங்கள். ஒரு வகுப்புக்கு வாரம் 30 மணி நேரம். முதல் இரண்டு ஆண்டும் தமிழுக்கு 6, ஆங்கிலத்துக்கு 6 போக மீதி 18. மூன்றாமாண்டு 30. சார்புப் பாடம், திறன் பாடம் என்று வேறு துறைக்குப் போவதை இப்போதைக்கு விட்டுவிட்டால் மொத்தம் 66 மணி நேரம். பல்கலைக்கழக மானியக் குழு (யு.ஜி.சி.) விதிப்படி உதவிப் பேராசிரியருக்கு வாரம் 16 மணி நேரம் நேரடி வகுப்பு. அப்படியென்றால் நாலு பேருக்கு வேலை. சேர்க்கை நின்ற முதல் வருடம் 48 மணி நேரம், மூன்று பேர். இந்த வருடம் 30 மணி நேரம், இரண்டு பேர்கூட முழுசாகத் தேவையில்லை. அடுத்த வருடம் பூஜ்யம். துறையில் நாங்கள் நாலு பேர் இருக்கிறோம். யாரும் ஒருநாள்கூட வகுப்பைத் தவறவிட்டவர்கள் இல்லை.

போன வாரம் நிர்வாக அலுவலகத்தில் கூப்பிட்டு வாய்மொழியாகச் சொன்னார்கள்: "உங்களை உபரி என்று அரசே சொல்லிவிட்டது. ராஜினாமா எழுதிக் கொடுத்துவிடுங்கள், சுயநிதிப் பிரிவில் தொகுப்பூதியத்தில் எடுத்துக்கொள்கிறோம்." கல்லூரிக் கல்வித் துறையின் மண்டல இணை இயக்குநர் அலுவலகத்தில் விசாரித்தால், "நாங்கள் பணிப்பளுவைக் கணக்கெடுத்தோம், அவ்வளவுதான். உங்களை நியமித்தது நிர்வாகம், அவர்களிடம் கேளுங்கள்" என்கிறார்கள். இரண்டு பக்கமும் எழுத்தில் ஒரு வரி இல்லை.

என் கேள்வி ஒன்றுதான். சட்டப்படி எனக்குப் பதில் சொல்ல வேண்டியவர் யார்?

---

பழைய கோப்பு

அம்மா, கல்லூரிக் கல்வித் துறையில் கண்காணிப்பாளராக இருந்து ஓய்வு பெற்றவன் நான். முதலில் ஒன்றைச் சொல்லிவிடுகிறேன், மற்றதை அப்புறம் பேசலாம். ராஜினாமாக் கடிதத்தில் கையெழுத்துப் போடாதீர்கள். தேதி போடாத கடிதம், வெற்றுத்தாளில் கையெழுத்து, "சும்மா ஒரு ஃபார்மாலிட்டி" என்று வருவது, எதிலும் போடாதீர்கள்.

காரணம் சொல்கிறேன். 1978ஆம் ஆண்டு தமிழ்நாடு ஓய்வூதிய விதிகளின்படி ராஜினாமா செய்தால் அதுவரை பார்த்த பணிக்காலமே கணக்கிலிருந்து போய்விடும். 2003 ஏப்ரல் 1க்குப் பிறகு சேர்ந்து பங்களிப்பு ஓய்வூதியத்தில் இருப்பவர்களுக்குக் கணக்கு வேறு. ஆனால் அவர்களுக்கும் ராஜினாமா என்பது தானே விரும்பிப் போனதாகத்தான் பதிவாகும். அப்புறம் பணி நிரவல் (உபரியானவரை ஆள் தேவைப்படும் வேறு இடத்துக்கு மாற்றுவது) கேட்டுப் போனால், "நீங்களே போய்விட்டீர்களே, உங்களை யார் உபரி ஆக்கினார்கள்?" என்று ஒரே வரியில் கோப்பை மூடிவிடுவார்கள். அப்படி மூடிய கோப்புகளை நான் கண்ணால் பார்த்திருக்கிறேன்.

இப்போது நடைமுறைக்கு வருவோம். பணியிடத்தை அனுமதிப்பது அரசு. அந்த இடத்தில் ஆளை நியமிப்பது கல்லூரிக் குழு. அந்த நியமனத்துக்கு ஒப்புதல் தருவது துறை. சம்பளத்துக்குப் பணம் வருவது மானியத்திலிருந்து. ஆண்டுதோறும் மாணவர் எண்ணிக்கை, வகுப்பு, பாடவேளை எல்லாவற்றையும் போட்டு கல்லூரி ஒரு பணிப்பளு அறிக்கை அனுப்பும். அதை வைத்துத்தான் பணியிட நிர்ணயம். அதில் "இத்தனை பணியிடம் உபரி" என்று வரும். நன்றாகக் கவனியுங்கள், அங்கே கணக்கில் வருவது பணியிடம். அந்த இடத்தில் இருக்கும் ஆளை என்ன செய்வது என்பதற்குத் தனி நடவடிக்கை, தனி உத்தரவு வேண்டும். உபரி என்று எண்ணிக்கை வந்துவிட்டதாலேயே யாருடைய பணியும் முடிந்துபோகாது.

---

கறுப்பு அங்கி

உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் பணிச் சட்ட வழக்குகள் நடத்துகிறேன். மேலே ஐயா சொன்னது மொத்தமும் சரி. சட்டப் பக்கத்தை நான் விரிவாகச் சொல்கிறேன், கொஞ்சம் நீளும்.

அடிப்படைச் சட்டம் 1976ஆம் ஆண்டின் தமிழ்நாடு தனியார் கல்லூரிகள் (ஒழுங்குமுறை) சட்டம். அதே ஆண்டு வந்த விதிகளும் உண்டு. இந்தச் சட்டம் வருவதற்கு முன் தனியார் கல்லூரி ஆசிரியரின் நிலைமை, செயலாளர் மனசு வைத்தால் வேலை, இல்லையென்றால் இல்லை. அதை மாற்றத்தான் சட்டம் வந்தது. இங்கே நமக்குத் தேவையான விஷயங்கள் இரண்டு.

ஒரு பாடப்பிரிவை மூடுவது நிர்வாகத்தின் தனி விருப்பம் இல்லை. தகுதி வாய்ந்த அதிகாரிக்கு எழுத்து மூலம் தெரிவிக்க வேண்டும். படித்துக்கொண்டிருக்கிற மாணவர்களுக்கு மாற்று ஏற்பாடு செய்ய வேண்டும். பல்கலைக்கழக இணைப்பு தொடர்பான நடைமுறை வேறு இருக்கிறது. சிவகங்கை மாவட்டக் கல்லூரி என்றால் அழகப்பா பல்கலைக்கழகம். ஆகவே உங்கள் பி.ஏ. வகுப்பு எந்த உத்தரவின் பேரில் நின்றது, யார் யாருக்கு எழுதினார்கள் என்பது முதல் கேள்வி. "சேர்க்கை வரவில்லை" என்பதும் "சேர்க்கையை நிறுத்திவிட்டோம்" என்பதும் ஒன்றில்லை. விண்ணப்பமே வாங்காமல் இருந்துவிட்டு ஆள் வரவில்லை என்று சொன்னால், அந்த உபரி நிர்வாகம் தானே உண்டாக்கியது.

அடுத்தது ஆட்குறைப்பு. அரசின் உத்தரவாலோ பாட அமைப்பு மாறியதாலோ ஆட்குறைப்பு அவசியம் ஆனாலும், தகுதி வாய்ந்த அதிகாரியின் முன் அனுமதி இல்லாமல் அதைச் செய்யக்கூடாது. செய்துவிட்டுப் பிறகு கேட்பது எடுபடாது. அப்படி ஆட்குறைப்புக்கு உள்ளானவரை வேறு கல்லூரியில் ஈர்த்துக்கொள்ள வழி செய்வதும் அந்தச் சட்டத்திலேயே இருக்கிறது. அந்த வழியைத் திறக்கும் சாவி அரசின் கையில்தான்.

இப்போது உங்கள் கேள்விக்கு நேரான பதில். முன் அனுமதியோடு எழுத்துபூர்வமாக நீக்காத வரை நீங்கள் பணியில்தான் இருக்கிறீர்கள். பணியில் இருக்கும்வரை உங்கள் முதலாளி கல்லூரி நிர்வாகம். சம்பளம் தர வேண்டிய கடமை அவர்களுடையது. மானியம் வருகிறதா, குறைகிறதா என்பது நிர்வாகத்துக்கும் அரசுக்கும் இடையிலான கணக்கு. அதைக் காட்டி உங்களை வெளியே நிறுத்த முடியாது. உங்களை எங்கே வைப்பது என்று முடிவு செய்யும் பொறுப்பு அரசுடையது. "கணக்கெடுத்தோம், அவ்வளவுதான்" என்று இணை இயக்குநர் அலுவலகம் சொல்லி முடித்துக்கொள்ளவும் முடியாது. பொறுப்பு இரண்டு பேருக்கும் இருக்கிறது, ஒருவரைக் காட்டி மற்றவர் தப்பிக்க முடியாத விதத்தில் இருக்கிறது.

இன்னொன்று. தொழிற்தகராறு சட்டத்தின்படி (2025 நவம்பர் முதல் அதன் இடத்தில் தொழில் உறவுகள் தொகுப்பு வந்துவிட்டது) ஆட்குறைப்பு இழப்பீடு கேட்கலாமே என்று சிலர் சொல்வார்கள். அது நடக்காது. ஆசிரியர் அந்தச் சட்டத்தின்படி தொழிலாளி ஆக மாட்டார் என்று 1988இல் சுந்தராம்பாள் வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொல்லிவிட்டது. ஆகவே நமக்கு இருக்கிற கவசம் 1976 சட்டம்தான். அதை விட்டுவிட்டு வேறெங்கேயும் தேடாதீர்கள்.

---

ஆத்தங்குடி வளவு

நான் ஒரு கல்விக் குழுமக் குடும்பத்தைச் சேர்ந்தவன். நிர்வாகத்தை ஒரேயடியாகக் குற்றவாளி ஆக்குவதற்கு முன் எங்கள் பக்கத்தையும் ஒருமுறை கேளுங்கள்.

இந்த ஊர்களில் கல்லூரி வந்தது அரசுப் பணத்தில் இல்லை. வள்ளல் அழகப்பர் 1947இல் காரைக்குடியில் கலைக்கல்லூரி தொடங்கினார். அவரைப் பார்த்து ஒவ்வொரு ஊரிலும் நிலம் கொடுத்தார்கள், கட்டடம் கட்டினார்கள். பர்மாவிலும் மலேயாவிலும் சம்பாதித்தது இங்கே வகுப்பறையாக நிற்கிறது. எங்கள் ஐயா காலத்தில் பள்ளிக்கூடத்துக்கும் கல்லூரிக்கும் என்று ஒதுக்கியது குடும்பத்தில் கணிசமான பங்கு.

இன்று நடப்பது என்ன? தமிழ்த் துறையில் ஆள் ஓய்வு பெறுகிறார், அந்த இடத்தை நிரப்ப அனுமதி வர வருடக்கணக்கில் ஆகிறது. அதுவரை நிர்வாகத்தின் பணத்தில் ஆள் போட்டு ஓட்டுகிறோம். அதே கல்லூரியில் பொருளாதாரத்தில் உபரி. அந்தப் பணியிடத்தைத் தமிழுக்கு மாற்றிக் கொடுங்கள் என்று எழுதினால் பதிலே இல்லை. சுற்றிலும் அரசு புதிது புதிதாகக் கலைக்கல்லூரி திறக்கிறது, கட்டணம் குறைவு, பிள்ளைகள் அங்கே போகிறார்கள். அதை நான் தப்பென்று சொல்லவில்லை, ஏழைப் பிள்ளை படிக்கட்டும். ஆனால் சேர்க்கை குறைந்ததற்கு அரசின் கொள்கையும் ஒரு காரணம் என்றால், உபரிக்கு மட்டும் நாங்கள் ஏன் தனியாகப் பொறுப்பேற்க வேண்டும்?

அந்த அம்மாவிடம் ராஜினாமா கேட்டது தவறு. அதில் எனக்கு இரண்டாவது கருத்து இல்லை.

---

நெற்குப்பைக்காரி

அண்ணே, நீங்கள் மனசு விட்டுச் சொன்னதற்கு நன்றி. காலியிட அனுமதி தாமதம் உண்மைதான், எங்கள் தமிழ்த் துறையிலும் அதே கதை.

ஆனால் ஒன்றை யோசியுங்கள். பி.ஏ. பொருளாதாரம் நின்ற அறைகளில்தான் இப்போது சுயநிதி பி.காம். நடக்கிறது. அந்த வகுப்புக்கும் வணிகப் பொருளாதாரம் பாடம் உண்டு. அதை நடத்தத் தொகுப்பூதியத்தில் ஒரு தங்கையை எடுத்திருக்கிறார்கள். நான் பக்கத்து அறையில் வேலை இல்லாமல் உட்கார்ந்திருக்கிறேன். அந்தப் பாடவேளை என் பெயரில் வராது, ஏனென்றால் அது வேறு கணக்கு. மானியத்தில் வந்த ஆசிரியரைச் சுயநிதி வகுப்புக்கு அனுப்பி அதற்கும் கட்டணம் வாங்குவது தவறு, அதை நான் கேட்கவில்லை. நான் கேட்பது, உதவி பெறும் பிரிவில் பிள்ளைகளைச் சேர்க்க நிர்வாகம் உண்மையிலேயே முயன்றதா என்பதுதான். பள்ளிகளுக்குப் போய் பொருளாதாரம் படித்தால் என்ன ஆகலாம் என்று நாங்கள் நாலு பேரும் சொல்லத் தயாராக இருந்தோம். விளம்பரத் தாளில் பாடத்தின் பெயரே வரவில்லை.

---

இரண்டாம் ஷிப்ட்

நீங்கள் சொன்ன அந்தத் தங்கை மாதிரி ஒருத்திதான் நானும், வேறு கல்லூரியில். முனைவர் பட்டம், நெட் தேர்ச்சி எல்லாம் இருக்கிறது. மாதம் பதினைந்தாயிரம். மே மாதம் சம்பளம் கிடையாது. அக்கா, உங்கள் மேல் எனக்கு வருத்தம் துளியும் இல்லை. ஆனால் உபரி ஆசிரியர்களைச் சுயநிதிக்குத் தள்ளினால் முதலில் வெளியே போவது எங்களைப் போன்றவர்கள்தான். அந்தப் பேச்சில் எங்களிடம் யாரும் கேட்பதே இல்லை.

வழக்கறிஞர் சாரிடம் ஒரு கேள்வி. எங்களுக்கு 1976 சட்டம் பொருந்தாதா?

---

கறுப்பு அங்கி

பொருந்தாது என்று யாராவது சொன்னால் அப்படியே நம்பிவிடாதீர்கள். கல்லூரி ஒன்றுதான், குழு ஒன்றுதான். மானியப் பணியிடத்துக்குரிய ஈர்ப்பு உரிமை உங்களுக்கு வராது, அது நிஜம். ஆனால் பணிநீக்க நடைமுறையைப் பற்றி உங்கள் நியமனக் கடிதத்தை வைத்துத்தான் பேச முடியும், அதைத் தனியாக அனுப்புங்கள், பார்த்துச் சொல்கிறேன். பணிக்கொடை மட்டும் உறுதியாகச் சொல்லலாம். 2009இல் வந்த திருத்தம் ஆசிரியர்களையும் அப்போதிருந்த பணிக்கொடைச் சட்டத்துக்குள் கொண்டுவந்தது, 1997 ஏப்ரல் 3 முதல் செல்லும் என்று. தனியார் பள்ளிகள் எதிர்த்து வழக்குப் போட்டன. 2022 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் திருத்தம் செல்லும் என்று உறுதி செய்துவிட்டது. ஐந்து வருடம் தொடர்ந்து வேலை பார்த்திருந்தால் உங்களுக்கு அது உண்டு, மானியமா சுயநிதியா என்ற கேள்வியே இல்லை.

ஆத்தங்குடி அண்ணனுக்கும் ஒரு பதில். 2021 செப்டம்பரில் உத்தரப் பிரதேசத்தின் அபய் நந்தன் இன்டர் காலேஜ் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது: மானியம் பெறுவது அடிப்படை உரிமை இல்லை, அது அரசின் கொள்கை முடிவு, மானியம் வேண்டுமென்றால் அதன் நிபந்தனையை ஏற்க வேண்டும், பிடிக்காவிட்டால் மானியத்தை வேண்டாம் என்று சொல்லலாம். இது நிர்வாகத்துக்குக் கசப்பான தீர்ப்பு. நிலம் உங்களுடையது, கட்டடம் உங்களுடையது, ஆனால் மானியப் பணியிடத்தில் ஆளை நியமித்த பிறகு அந்த ஆளை நடத்தும் விதத்தில் சட்டம் உள்ளே வந்துவிடுகிறது. அதே நேரம் அரசும் இந்தத் தீர்ப்பைக் காட்டி, இப்போது பணியில் இருப்பவரை நடுத்தெருவில் விட முடியாது. புதுப் பணியிடம் தருவதும் மறுப்பதும் கொள்கை. ஒப்புதல் பெற்று வேலை பார்ப்பவருக்கு இருப்பது சட்டப் பாதுகாப்பு. இரண்டையும் குழப்பக்கூடாது.

---

சிதம்பரத்திலிருந்து வந்தவன்

இந்தப் பேச்சில் நான் சொல்ல ஒன்று இருக்கிறது. நான் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தில் உதவிப் பேராசிரியராக இருந்து, உபரி என்று அரசுக் கலைக்கல்லூரிக்குப் பணி நிரவலில் அனுப்பப்பட்டவன். கானாடுகாத்தானைச் சேர்ந்த அண்ணாமலைச் செட்டியார் 1929இல் தொடங்கிய பல்கலைக்கழகம் அது. செட்டிநாட்டுக்காரர்களுக்கு அதைப் பற்றி நான் சொல்ல வேண்டியதில்லை. பணம் தட்டுப்பட்டு, சம்பளமே தடுமாறி, 2013இல் தனிச்சட்டம் போட்டு அரசு எடுத்துக்கொண்டது. தேவைக்கு மேல் ஆள் இருக்கிறார்கள் என்று கணக்கு வந்தது. ஆசிரியரல்லாதவர்களை ஆயிரக்கணக்கில் வேறு வேறு அலுவலகங்களுக்கும், எங்களை நூற்றுக்கணக்கில் அரசுக் கல்லூரிகளுக்கும் அனுப்பினார்கள். குறிப்பிட்ட காலத்துக்கு என்று சொல்லி அனுப்பி, பிறகு நீட்டித்துக்கொண்டே போனார்கள்.

அங்கே என்ன கஷ்டம் என்று கேட்டால் நிறையச் சொல்வேன். குடும்பம் ஒரு ஊர், வேலை ஒரு ஊர். புதுக் கல்லூரியில் வருகைப் பதிவேட்டில் என் பெயரைக் கடைசியில் தனிக் கோடு போட்டு எழுதினார்கள், மேலே "பணி நிரவல்" என்று சிவப்பு மையில். பணிமூப்பு எங்கே கணக்கு, பதவி உயர்வு யார் தருவது, ஒன்றும் தெளிவில்லை. ஆனால் உபரி என்பதற்காக யாரையும் வீட்டுக்கு அனுப்பியதாக எனக்குத் தெரியவில்லை. என் சம்பளம் நிற்கவில்லை. அரசு மனசு வைத்தால் ஒரு பெரிய உபரியையே பகிர்ந்து வைக்க முடியும் என்பதற்கு நாங்கள் சாட்சி. அவ்வளவு பேருக்கு முடிந்தது, ஒரு கல்லூரியின் இரண்டு பொருளாதார ஆசிரியர்களுக்கு முடியாதா?

---

திருப்பத்தூர் தம்பி

சார், முடியும். முடிந்ததற்கு விலை கொடுத்தது யார் தெரியுமா? நாங்கள். அரசுக் கலைக்கல்லூரியில் கௌரவ விரிவுரையாளர் நான், நிரந்தரப் பணி இல்லை. மாதம் 25,000 ரூபாய். யு.ஜி.சி. 2019இல் சொன்ன உச்சவரம்பு மாதம் 50,000. பணி நிரவலில் ஒருவர் வந்து சேர்ந்தால் அன்றைக்கே ஒரு கௌரவ விரிவுரையாளரின் பாடவேளை போய்விடும். ஆசிரியர் தேர்வு வாரியத் தேர்வுக்குக் காத்திருக்கிறவர்களும் இதையேதான் சொல்கிறார்கள், காலியிடத்தை உபரியை வைத்து அடைத்துவிட்டால் அறிவிப்பு எப்போது வரும் என்று.

உபரி ஆசிரியருக்கு இடம் கொடுக்கக் கூடாது என்று நான் சொல்லவில்லை. அதை அரசுக் கல்லூரிக் காலியிடத்தில் கைவைக்காமல் செய்ய வழி இருக்கிறதா என்று யாராவது சொல்லுங்கள்.

---

பழைய கோப்பு

தம்பி, வழி இருக்கிறது. உதவி பெறும் கல்லூரியிலிருந்து உதவி பெறும் கல்லூரிக்கே மாற்றுவது. மண்டலத்தில் எந்தக் கல்லூரியில் எந்தப் பாடத்தில் காலி, எதில் உபரி என்ற பட்டியல் அலுவலகத்தில் இல்லாமல் இல்லை. இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்க வேண்டும், அதுதான் நடப்பதில்லை. பள்ளிக் கல்வியில் 1997இல் வந்த 525ஆம் எண் அரசாணையிலிருந்து ஆசிரியர் மாணவர் விகிதம் வைத்து உபரியைக் கணக்கிடுகிறார்கள், பணி நிரவல் கலந்தாய்வு நடத்துகிறார்கள். அதில் ஆயிரம் குறை உண்டு. ஆனால் நடைமுறை என்று ஒன்று இருக்கிறது. கல்லூரிப் பக்கத்தில் ஒவ்வொரு கோப்பும் தனித்தனியாகச் சென்னைக்குப் போய் வர வேண்டியிருக்கிறது.

இரண்டு முட்டுக்கட்டை சொல்கிறேன், நான் மேசையில் பார்த்தவை. ஒன்று இனச்சுழற்சி, அதாவது இட ஒதுக்கீட்டின்படி எந்தப் பணியிடம் எந்தப் பிரிவினருக்கு என்று வரிசையாக வருவது. போகிற கல்லூரியில் அடுத்த சுழற்சி ஆதிதிராவிடருக்கு என்று இருக்கும், உபரியாக வருகிறவர் பிற்படுத்தப்பட்டோர் சுழற்சியில் நியமிக்கப்பட்டவராக இருப்பார். அந்த இடத்தை இவருக்குக் கொடுத்தால் அங்கே காத்திருக்கும் பிள்ளைக்கு அநியாயம். இதைச் சரிசெய்ய, இவரை இவர் வந்த சுழற்சிப் புள்ளியிலேயே கணக்கு வைத்து, அங்கே ஒதுக்கப்பட்ட இடத்தை அடுத்த நியமனத்தில் கண்டிப்பாக நிரப்ப வேண்டும் என்று உத்தரவிலேயே எழுத வேண்டும். எழுதாமல் விட்டால் அந்த இடம் காணாமல் போகும்.

இரண்டாவது, போகிற கல்லூரி நிர்வாகம். காலியிடம் என்றால் தாங்கள் விரும்பியவரை நியமிக்கலாம் என்று காத்திருப்பார்கள். வெளியிலிருந்து ஒருவரை அனுப்பினால் முகம் சுளிப்பார்கள், கடிதத்துக்குப் பதில் போட மாட்டார்கள், பணியில் சேர வந்தவரை வராந்தாவில் உட்கார வைப்பார்கள். உபரி ஆசிரியர் இருக்கும்போது அதே பாடத்தில் புது நியமனத்துக்கு ஒப்புதல் இல்லை என்று அரசு ஒரே ஒரு வரி உத்தரவு போட்டுக் கண்டிப்பாகக் கடைப்பிடித்தால் இந்த முகச்சுளிப்பு தானாக நிற்கும்.

---

ஆத்தங்குடி வளவு

ஐயா சொன்னதை ஏற்கிறேன். வேறு கல்லூரியிலிருந்து நல்ல ஆசிரியர் வந்தால் நாங்கள் மறுக்க மாட்டோம். அதோடு பணியிடத்தைத் துறை மாற்றித் தருவதையும் சேருங்கள். எங்கள் குழுக் கூட்டத்தில் இதை நான் எழுப்புகிறேன்.

---

கறுப்பு அங்கி

இன்னொரு பக்கத்தையும் எல்லாரும் மனதில் வைக்க வேண்டும். 2025 அக்டோபரில் தனியார் பல்கலைக்கழகச் சட்டத் திருத்த மசோதா சட்டமன்றத்தில் வந்தது நினைவிருக்கும். இருக்கிற கல்லூரிகளே, உதவி பெறும் கல்லூரிகள் உட்பட, தனியார் பல்கலைக்கழகமாக மாற வழி செய்வது அது. ஆசிரியர் சங்கங்களும் மாணவர் அமைப்புகளும் கட்சிகளும் எதிர்த்தன, அரசு மறுபரிசீலனை செய்வதாகச் சொல்லிப் பின்வாங்கியது. நாளைக்கு வேறு வடிவில் வந்தாலும் நாம் முதலில் படிக்க வேண்டியது ஒரு பிரிவைத்தான்: மாறுகிற நாளில் மானியப் பணியிடத்தில் இருக்கும் ஆசிரியர் யாருடைய ஊழியர், அவர் ஓய்வு பெறும்வரை சம்பளம் யாருடைய பொறுப்பு. அதை மசோதாவிலேயே தெளிவாக எழுதாவிட்டால் ஒரு கையெழுத்தில் ஒரு கல்லூரி முழுக்க உபரி ஆகிவிடும். அப்போது இந்த இழையில் பேசுகிற எதுவும் காப்பாற்றப் போதாது.

---

சட்டம் மூன்றாமாண்டு

காரைக்குடி அரசு சட்டக் கல்லூரியில் படிக்கிறேன். நெற்குப்பை மேடத்துக்கு ஒரு யோசனை. இரண்டு பக்கமும் எழுத்தில் தர மறுக்கிறார்கள் என்றால் தகவல் உரிமைச் சட்டத்தில் கேளுங்கள். இணை இயக்குநர் அலுவலகத்திடம் மட்டும் இல்லை, கல்லூரியிடமும் கேட்கலாம். அரசு நிதியில் கணிசமாக நடக்கும் கல்லூரிகள் பொது அதிகார அமைப்புதான் என்று 2019 செப்டம்பரில் டி.ஏ.வி. கல்லூரி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. 30 நாளில் பதில் தர வேண்டும்.

கேட்க வேண்டியவை: உங்கள் துறைக்கு அனுப்பிய கடைசி மூன்று ஆண்டுப் பணிப்பளு அறிக்கையின் நகல். முதலாண்டுச் சேர்க்கையை நிறுத்திய கல்லூரிக் குழுத் தீர்மானம். அது பற்றி அரசுக்கும் பல்கலைக்கழகத்துக்கும் எழுதிய கடிதம், வந்த பதில். மண்டலத்தில் உதவி பெறும் கல்லூரிகளில் பொருளாதாரப் பாடத்தில் உள்ள காலிப் பணியிடப் பட்டியல். ஏன் என்று காரணம் கேட்காதீர்கள் மேடம், "விளக்கம் தகவல் ஆகாது" என்று தள்ளிவிடுவார்கள். ஆவண நகல் என்றே கேளுங்கள்.

---

நெற்குப்பைக்காரி

எல்லாருக்கும் நன்றி. நேற்று இரவு துறையில் நாலு பேரும் உட்கார்ந்து எழுதினோம். நால்வரில் கடைசியாகச் சேர்ந்தவர் யார், அவரைத்தான் முதலில் கைகாட்டுவார்கள் என்று தெரிந்தும், நாலு பேரும் ஒரே கடிதத்தில் கையெழுத்துப் போட்டிருக்கிறோம். செயலாளருக்கும் இணை இயக்குநருக்கும் ஒரே நாளில் போகும். இதுதான் வாசகம், வழக்கறிஞர் சார் பார்த்துச் சொல்லுங்கள்:

"நாங்கள் ஒப்புதல் பெற்ற பணியிடங்களில் பணிபுரிகிறோம். வாய்மொழியாகக் கேட்கப்பட்ட ராஜினாமாவைத் தர எங்களுக்கு விருப்பம் இல்லை. 1976ஆம் ஆண்டுச் சட்டப்படி முன் அனுமதி இல்லாமல் எங்கள் பணி எதுவும் முடிவுக்கு வராது என்பதைத் தெரிவித்துக்கொள்கிறோம். பணியிடம் உபரி எனத் தீர்மானிக்கப்பட்டிருந்தால் அந்த உத்தரவின் நகலை வழங்கவும். காலியிடம் உள்ள உதவி பெறும் கல்லூரிக்குப் பணி நிரவல் செய்ய எங்களுக்குச் சம்மதம். அதுவரை ஊதியம் தடையின்றி வழங்கப்பட வேண்டும். பி.ஏ. பொருளாதாரத்தில் வரும் ஆண்டு முதல் மீண்டும் மாணவர் சேர்க்கை நடத்தவும், அதற்காகப் பள்ளிகளுக்குச் செல்ல எங்களை அனுமதிக்கவும் கோருகிறோம்."

---

கறுப்பு அங்கி

வாசகம் சரியாக இருக்கிறது. "பணி நிரவலுக்குச் சம்மதம்" என்ற இடத்தில் "பணிமூப்பும் ஊதியப் பாதுகாப்பும் மாறாமல்" என்று சேர்த்துக்கொள்ளுங்கள். சிதம்பரத்து நண்பர் பட்ட பாடு உங்களுக்கு வேண்டாம். பதில் வராவிட்டாலோ சம்பளம் நின்றாலோ காத்திருக்காமல் மதுரைக் கிளையில் ரிட் மனு போடலாம். கல்லூரி தனியார் என்பது இந்த விஷயத்தில் தடை ஆகாது, ஏனென்றால் நீங்கள் கேட்பது ஒரு சட்டம் விதித்த கடமையை.

---

பழைய கோப்பு

அம்மா, கடிதத்தை நேரில் கொடுத்தால் நகலில் முத்திரையும் தேதியும் வாங்குங்கள். வாங்க மறுத்தால் சண்டை போடாமல் அன்றைக்கே ஒப்புகையோடு தபாலில் அனுப்பிவிட்டு ரசீதைப் பத்திரப்படுத்துங்கள். இணை இயக்குநர் அலுவலகத்தில் தபால் பிரிவில் கொடுத்து பதிவு எண் கேட்டு வாங்குங்கள், அந்த எண் இல்லாமல் அங்கே எந்தக் கோப்பையும் தேட முடியாது. நாலு பேரும் தினமும் வருகைப் பதிவேட்டில் கையெழுத்துப் போடுங்கள். வகுப்பு இல்லை என்றாலும் துறையில் இருங்கள். பதிவேட்டை எடுத்து வைத்துக்கொண்டால் அன்றைக்கே முதல்வருக்கு மின்னஞ்சலில் எழுதி இணை இயக்குநருக்கும் நகல் போடுங்கள்.